வீவக வீட்டில் ஆக்சலாட்டல் வளர்க்கலாமா?

கேள்வி: செங்காங்கில் நான்கறை வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழக) வீட்டில் வசிக்கிறோம். தொடக்கப்பள்ளி இறுதித் தேர்வை எழுதி முடித்த என் மகன், பரிசாக ஆக்சலாட்டல் என்னும், நான்கு காலும் வாலும் கொண்ட நீர்வாழ் விலங்கு ஒன்று வேண்டும் என்கிறான். மைன்கிராஃப்ட் விளையாட்டில் பார்த்ததிலிருந்து அவனுக்கு இந்த ஆசை. கப்பி மீன் வளர்த்த இரண்டடித் தொட்டி வீட்டில் இருக்கிறது. ஐந்தாறு கப்பிகள் இன்னும் அதில் உள்ளன. மின்விசிறி வைத்தால் போதுமா, அல்லது இரவில் ஏர்கான் போட வேண்டுமா? குழாய்த் தண்ணீரை ஓர் இரவு வாளியில் வைத்திருந்து ஊற்றினால் போதும் என்கிறார் என் மாமனார். கால் போனாலும் முளைத்துவிடும், அதனால் எளிதில் சாகாது என்கிறான் மகன். வளர்ந்த பிறகும் அது ஏன் குஞ்சு போலவே இருக்கிறது? டிசம்பரில் மூன்று வாரம் திருச்சிக்குப் போகிறோம். அதற்கு முன்பே வாங்கிக் கொடுத்துவிடலாமா?

– ஒரு தாய், செங்காங்

பதில்: அன்புள்ள வாசகி அவர்களுக்கு, வணக்கம். வாங்கிய பிறகு கேட்பவர்களே அதிகம். நீங்கள் வாங்குவதற்கு முன்பே கேட்டிருக்கிறீர்கள். அதனால் எதையும் மறைக்காமல் முழுமையாகச் சொல்ல முடிகிறது.

முதலில் சட்டம். சிங்கப்பூரில் விரும்பிய விலங்கை எல்லாம் வீட்டில் வளர்த்துவிட முடியாது, அனுமதிக்கப்பட்டவை சிலவே. ஆக்சலாட்டல், அருகிவரும் உயிரினங்களின் வணிகத்தைக் கட்டுப்படுத்தும் சைட்டிஸ் ஒப்பந்தத்தின் இரண்டாம் பட்டியலில் இருப்பதால், உரிய அனுமதி இல்லாமல் அதை நாட்டுக்குள் கொண்டுவருவதும் குற்றம். ஆகவே பணம் கொடுப்பதற்கு முன், தேசியப் பூங்காக் கழகத்தின் கீழ் இயங்கும் விலங்கு மருத்துவச் சேவைப் பிரிவுக்கு நீங்களே எழுதி, இந்த இனத்தின் பெயரைக் குறிப்பிட்டு, எழுத்து மூலம் பதில் பெற்றுக்கொள்ளுங்கள். இணையத்திலும் டெலிகிராம் குழுக்களிலும் விற்பவர்கள் ‘எல்லோரும் வளர்க்கிறார்கள்’ என்று சொல்வதை ஆதாரமாகக் கொள்ளாதீர்கள். கூடாது என்று பதில் வந்தால் பேச்சு அத்தோடு முடிந்தது. அனுமதி உண்டு என்றால் மட்டுமே நான் கீழே சொல்லும் வளர்ப்பு முறை உங்களுக்குப் பயன்படும். அந்த விலங்கின் உடலியல் எப்படியும் உங்கள் மகனுக்குப் பயன்படும். அதைத் தெரிந்துகொள்ளத் தொட்டி தேவையில்லை.

உங்கள் கேள்விகளில் முதன்மையானது மின்விசிறி பற்றியதுதான் என்பது என் கருத்து. மற்ற எல்லாம் அதிலிருந்தே தொடங்குகின்றன. ஆக்சலாட்டலின் பூர்வீகம் மெக்சிகோ நகரத்தை ஒட்டிய சோச்சிமில்கோ, சால்கோ என்னும் ஏரிகள். வரைபடத்தில் மெக்சிகோ வெப்பமண்டல நாடாகத் தெரிந்தாலும், அந்த ஏரிகள் கடல் மட்டத்திலிருந்து ஏறத்தாழ 2,240 மீட்டர் உயரத்தில் இருப்பவை. அங்கே தண்ணீர் 20 டிகிரி செல்சியசைத் தாண்டுவதே அரிது. இந்த விலங்கின் உடல் அந்தக் குளிர்ந்த நீருக்கென்றே அமைந்தது. வளர்ப்பில் அதற்கு ஏற்றது 16 முதல் 18 டிகிரி வரை. 20 வரை தாங்கிக்கொள்ளும். 24ஐத் தாண்டினால் உடல் நலிவுறத் தொடங்கிவிடும்.

நம் ஊரின் சராசரி வெப்பநிலையோ ஏறத்தாழ 28 டிகிரி. வெப்பமான நீரில் மூச்சுவிடும் உயிருக்கு இரு பக்கமும் இழப்பு. தண்ணீர் சூடாக ஆக அதில் கரையக்கூடிய உயிர்வாயு குறைகிறது: 18 டிகிரியில் ஒரு லிட்டர் நீர் சுமார் 9.5 மில்லிகிராம் உயிர்வாயுவை ஏந்தும். 30 டிகிரியில் சுமார் 7.5 மில்லிகிராம்தான். அதே நேரத்தில், தன் உடல் வெப்பத்தைத் தானே கட்டுப்படுத்த முடியாத விலங்கு என்பதால் அதன் உடல் இயக்கம் வேகமெடுத்து, உயிர்வாயுத் தேவை இரண்டு மூன்று மடங்காக உயர்கிறது. வரவு குறைந்து செலவு பெருகும் அந்த நிலையில் நோய் எதிர்ப்பாற்றல் தளர்கிறது. நீரில் எப்போதும் இருக்கும் பாக்டீரியாவும் பூஞ்சையும் தோலிலும் செவுளிலும் குடியேறுகின்றன. இறந்த பிறகு பூஞ்சைதான் காரணம் என்று பலர் எழுதுவார்கள். பெரும்பாலும் பூஞ்சை கடைசியில் வருவது. முதலில் வந்தது வெப்பம்.

மின்விசிறி போதாது. நீர் ஆவியாவதால்தான் விசிறி தொட்டியைக் குளிர்விக்கிறது. காற்றில் ஈரப்பதம் சராசரியாக 80 விழுக்காட்டுக்கு மேல் நிற்கும் சிங்கப்பூரில் ஆவியாதல் மந்தம்; எவ்வளவு பெரிய விசிறியானாலும் நீரின் வெப்பத்தை 25 டிகிரிக்குக் கீழே கொண்டுபோவது கடினம். இறால் வளர்ப்பவர்களுக்கு அது உதவலாம், ஆக்சலாட்டலுக்கு உதவாது. இரவில் மட்டும் ஏர்கான் போடுவதும் அப்படியே: மனிதருக்கு இதமான 24, 25 டிகிரி அறையில் நீரும் அந்த அளவிலேயே நிற்கும், காலையில் அணைத்ததும் மீண்டும் ஏறும். உறைந்த நீர்ப் புட்டிகளைத் தொட்டியில் மிதக்கவிடுவது அவசரத்துக்கு ஒரு நாள் கைகொடுக்கும், ஆனால் நாள்தோறும் ஏறி இறங்கும் வெப்பநிலை, நிலையாகச் சற்று உயர்ந்திருக்கும் வெப்பநிலையைவிட அதிகமாகவே விலங்கை வருத்தும்.

மீன் கடைகளில் சில்லர் என்று விற்கப்படும், கம்ப்ரசர் பொருத்திய நீர்க் குளிர்விப்புக் கருவிதான் இதற்கு ஒரே வழி. அது பல நூறு வெள்ளி விலையுள்ளது, இரவு பகல் ஓடும், மின்கட்டணத்தில் தெரியும், நீரிலிருந்து எடுத்த வெப்பத்தை உங்கள் வரவேற்பறையில் வெளிவிடும். அதைச் சுற்றிக் காற்றோட்டம் இல்லாமல் அலமாரிக்குள் அடைத்துவைத்தால் திணறிப்போகும். இதற்கு இடமும் பணமும் ஒதுக்கக் குடும்பம் ஒப்புக்கொள்ளவில்லை என்றால், இந்த விலங்கை வாங்க வேண்டாம் என்பதே விலங்கு மருத்துவராக என் உறுதியான ஆலோசனை. மற்றக் குறைகளை ஓரளவு சரிக்கட்டலாம். இதைச் சரிக்கட்ட வழியே இல்லை.

நான் படித்த ஆஸ்திரேலியாவில் ஆக்சலாட்டல் வளர்ப்பது பரவலான பழக்கம். கோடையில் வெப்ப அலை வந்துபோன மறுநாள்களில், நலிந்த விலங்கை வாளியோடு சிகிச்சைக்குக் கொண்டுவருவார்கள். அப்படி வந்த ஒன்றை இன்றும் விவரிக்க முடியும். நலமான விலங்குக்குத் தலையின் இரு பக்கமும் மூன்று மூன்று செவுள் தண்டுகள் பின்னோக்கி விரிந்திருக்கும். ஒவ்வொரு தண்டிலும் சிவந்த மெல்லிழைகள் அடர்ந்திருக்கும். சற்றைக்கொருமுறை அவற்றை ஒரு வெட்டு வெட்டி ஆட்டும். வாளியில் இருந்ததற்கு ஆறு தண்டுகளும் முகத்தை நோக்கி முன்பக்கமாக வளைந்திருந்தன. இழைகள் உதிர்ந்து தண்டு மொட்டையாகத் தெரிந்தது. இடது பக்க நடுத்தண்டின் நுனியில் வெண்பஞ்சுத் துணுக்கு ஒட்டியது போலப் பூஞ்சை. வால் நுனி கொக்கியாகச் சுருண்டிருந்தது. உரிமையாளர் இரண்டு நாள்களாகச் சாப்பிடவில்லை என்பதை மட்டுமே கவனித்திருந்தார். செவுள் முன்னோக்கி வளைவதும் வால் நுனி சுருள்வதும், உணவை மறுப்பதற்கு முன்பே தெரியும் அறிகுறிகள். உங்கள் மகன் ஒரு பழக்கத்தைக் கற்றுக்கொள்வதானால், தினமும் காலையில் செவுளையும் வால் நுனியையும் பார்ப்பதைக் கற்றுக்கொள்ளட்டும். செவுள் வளைவதற்கு வெப்பம் மட்டுமன்றி, வடிகட்டியின் வேகமான நீரோட்டமும் காரணமாகலாம். ஏரியில் வாழ்ந்த இனம் ஓடும் நீரை விரும்பாது.

அடுத்து, உங்கள் மாமனார் சொன்னது. ஓர் இரவு வைத்தால் நீரில் உள்ள சாதாரண குளோரின் பறந்துவிடும் என்பது சரியே. ஆனால் பொதுப் பயனீட்டுக் கழகம் நம் குழாய் நீரில் கிருமிநாசினியாகச் சேர்ப்பது குளோரமின். அது குளோரினும் அமோனியாவும் இணைந்த சேர்மம். ஓர் இரவில் அது பறந்துபோகாது. குளோரமினைப் பிரித்து, அப்போது வெளிப்படும் அமோனியாவையும் கட்டிப்போடும் நீர்ச்சீராக்கி மருந்தை, புட்டியில் குறிப்பிட்ட அளவில் சேர்க்க வேண்டும். பெரியவரிடம் இதைப் பக்குவமாக எடுத்துச் சொல்லுங்கள். அவருடைய முறை குளோரின் கலந்த நீருக்கு ஏற்றது, இன்றைய குழாய் நீருக்குத்தான் பொருந்தவில்லை.

தண்ணீரை மாற்றும்போதும் வெப்பத்தை மறக்கக்கூடாது. 100 லிட்டர் தொட்டியில் 17 டிகிரி நீர் இருக்கிறது என்று கொள்வோம். வாரந்தோறும் மாற்றுவது போல 25 லிட்டரை எடுத்துவிட்டு, 29 டிகிரிக் குழாய் நீரை ஊற்றினால் தொட்டி ஒரே வீச்சில் 20 டிகிரிக்கு ஏறிவிடும். ஆகவே ஒரு தடவைக்குப் பத்து லிட்டர் அளவில் வாரத்துக்கு இரண்டு மூன்று முறையாகப் பிரித்துக்கொள்ளுங்கள், அல்லது சீராக்கிய நீரைக் குளிர்பதனப் பெட்டியில் வைத்துக் குளிர்ந்த பின் ஊற்றுங்கள்.

உங்களிடம் உள்ள இரண்டடித் தொட்டியில் ஐம்பது அறுபது லிட்டர்தான் நிற்கும். இந்த விலங்கு 23 முதல் 30 சென்டிமீட்டர் வரை வளர்ந்து, நன்றாகப் பார்த்துக்கொண்டால் 10 முதல் 15 ஆண்டுகள் வாழக்கூடியது. மகன் தேசிய சேவை முடித்து வரும்போதும் அது தொட்டியில் இருக்கலாம். மூன்றடி நீளத் தொட்டியைத் தேர்ந்தெடுங்கள். அடியில் கூழாங்கல் போடவே வேண்டாம். இது இரையைக் கடித்துத் தின்பதில்லை; வாயைத் திடீரெனத் திறந்து, நீரோடு சேர்த்து உறிஞ்சுகிறது. மூக்கருகே ஒரு மண்புழுவை விட்டால் சிறிது நேரம் அசையாமல் இருக்கும். தலை இலேசாகத் திரும்பும். இமைப்பொழுதில் புழு காணாமல் போயிருக்கும். பார்வை மங்கலானது, வாசனையாலும் நீரின் அதிர்வாலும் இரையை அறிவது என்பதால், பக்கத்தில் கிடந்த கல்லும் புழுவோடு உள்ளே போய்விடும். குடலில் அடைத்த கல் உயிரையே வாங்கும். தரையை வெறுமையாக விட்டு, ஒளிந்துகொள்ளக் குழாய்த் துண்டோ மண்சட்டியோ வையுங்கள். கண்ணுக்கு இமை கிடையாது என்பதால் பளிச்சென்ற விளக்கு வேண்டாம்.

கப்பிகளை அதனுடன் விடக்கூடாது. கப்பி வெப்பநீர் மீன். 17 டிகிரியில் அது வாடும். தப்பிப் பிழைப்பவை செவுள் இழைகளைக் கொறிக்கும், அல்லது விழுங்கப்பட்டுத் தம்மிடமுள்ள ஒட்டுண்ணிகளைக் கொடுத்துவிட்டுப் போகும். மண்புழுவே முழுமையான உணவு. வளர்ந்த விலங்குக்கு இரண்டு மூன்று நாள்களுக்கு ஒருமுறை போதும். தரமான குருணை உணவும் கொடுக்கலாம். ஆனால் புளோக்கின் கீழே உள்ள புல்தரையில் புழு தோண்டாதீர்கள். டெங்கிக்காகக் கொசு மருந்து அடிக்கும் இடங்கள் அவை. அந்த மருந்துகளில் பெரும்பாலானவை மனிதருக்குப் பெரிய தீங்கு செய்யாவிட்டாலும் நீர்வாழ் உயிர்களுக்குக் கடும் நஞ்சு. புகை அடிக்கும் நாளில் சன்னலை அடைத்து, தொட்டியை மூடி, காற்றுக் குமிழி விடும் பம்பைச் சிறிது நேரம் நிறுத்திவையுங்கள்; அறைக் காற்றை நீருக்குள் செலுத்துவது அந்தப் பம்புதான்.

இனி உங்கள் மகனின் கேள்விகள். அவை நல்ல கேள்விகள். ஆக்சலாட்டல், பல்லி போன்ற உருவமுள்ள சாலமாண்டர் இனத்தைச் சேர்ந்த நீர்நில வாழ்வி. தவளையின் தலைப்பிரட்டை தைராய்டு சுரப்பியின் ஹார்மோன் பெருகும்போது வாலை இழந்து, காலை வளர்த்து, தரையேறுகிறது. ஆக்சலாட்டலுக்கும் தைராய்டு உண்டு. ஆனால் அதை முடுக்கிவிடும் மூளைச் சமிக்ஞை போதிய வலுவுடன் எழுவதில்லை. எனவே வெளிச்செவுளும் வால் துடுப்பும் கொண்ட இளம்பருவ உருவத்திலேயே அது வளர்ந்து, ஓராண்டு வாக்கில் பருவமடைந்து, முட்டையும் இடுகிறது. பார்வைக்குத்தான் அது குஞ்சு. செவுள் மட்டுமல்ல, தோல் வழியாகவும் மூச்சுவிடும். எளிய நுரையீரலும் உண்டு. எப்போதாவது மேலே வந்து ஒரு வாய்க் காற்றை விழுங்குவது இயல்பு. அடிக்கடி வந்தால் நீரில் உயிர்வாயு போதவில்லை என்று பொருள். ஹார்மோனோ அயோடினோ கொடுத்து அதைத் தரையேறும் சாலமாண்டராக மாற்றிக் காட்டும் காணொளிகளை மகன் பார்த்திருக்கக்கூடும். ஆய்வுக்கூடத்துக்கு வெளியே அப்படிச் செய்வதை நான் கொடுமை என்றே சொல்வேன்; மாறுவதற்குள் பல இறந்துவிடும், மாறியவற்றின் ஆயுளும் குறைவு.

கால் மீண்டும் முளைப்பது உண்மை. காயம்பட்ட சில மணி நேரத்தில் தோல் செல்கள் ஊர்ந்து வந்து வெட்டுவாயை மூடும். அதன் அடியில், சுற்றியுள்ள திசுக்களின் செல்கள் தம் சிறப்புத் தன்மையைத் தளர்த்தி ஒன்றுகூடி ஒரு சிறு முளையாகும். அந்த முளையிலிருந்து எலும்பு, தசை, நரம்பு, தோல் என்று முழு உறுப்பும், தழும்பே இல்லாமல், உரிய அளவில் வளரும். இளம் விலங்குக்குச் சில வாரங்கள், முதியதற்குச் சில மாதங்கள் ஆகும். வால், தண்டுவடம், இதயத்தின் பகுதி, மூளையின் சில பகுதிகளைக்கூட அதனால் புதுப்பிக்க முடிகிறது. 2018ல் அதன் மரபணுத் தொகுதி முழுவதும் படித்தறியப்பட்டபோது, அதில் ஏறத்தாழ 3,200 கோடி எழுத்துகள் இருப்பது தெரிந்தது. மனிதரைவிடப் பத்து மடங்கு. இந்த விலங்கை ஆய்வாளர்கள் ஏன் போற்றுகிறார்கள் என்பது மகனுக்கு இப்போது புரியும்.

ஆனால் ‘எளிதில் சாகாது’ என்று அவன் எடுத்த முடிவு தவறு. அதை அவனிடம் தெளிவாகச் சொல்லிவிடுங்கள். இழந்த உறுப்பைக் கட்டியெழுப்பும் ஆற்றல் வேறு, நஞ்சையும் நோயையும் தாங்கும் ஆற்றல் வேறு. அதே விலங்கு அமோனியா கலந்த நீரில் சில நாள்களில் இறந்துவிடும். அதன் தோல் மெல்லியது, நீரில் உள்ளதை எல்லாம் உள்ளே விடுவது. சன்ஸ்கிரீனோ கொசு விரட்டியோ பூசிய கையை நீரில் விடுவதே அதற்குத் தீங்கு. கையால் தூக்கவே கூடாது. இடம் மாற்ற வேண்டுமானால் ஒரு டப்பாவை நீருக்குள் அமிழ்த்தி, நீரோடு சேர்த்து எடுக்க வேண்டும். இதே காரணத்தால், செப்பு கலந்த மீன் மருந்துகளைக் கடைக்காரர் சொன்னார் என்று ஊற்றிவிடாதீர்கள். நோயின் அறிகுறி தெரிந்தால், சீராக்கிய குளிர்ந்த நீர் நிரம்பிய தனி டப்பாவில் விட்டு, நீரைத் தினமும் முழுவதும் மாற்றி, அரிய விலங்குகளைப் பார்க்கும் மருத்துவரிடம் கொண்டுசெல்லுங்கள். தோலில் சிவந்த திட்டுகள் தென்பட்டால் அன்றைக்கே கொண்டுசெல்ல வேண்டும். இரத்தத்தில் கிருமி பரவியதன் அடையாளமாக இருக்கலாம்.

இன்னொன்றையும் அவன் தெரிந்துகொள்ளட்டும். சோச்சிமில்கோவில் 1998ல் சதுர கிலோமீட்டருக்கு ஏறத்தாழ 6,000 ஆக இருந்த இந்த விலங்கு, 2014 கணக்கெடுப்பில் 36 ஆகிவிட்டது. சால்கோ ஏரி வடிக்கப்பட்டுவிட்டது. எஞ்சிய கால்வாய்களில் மாசு, போதாததற்கு மனிதர் கொண்டுவந்து விட்ட கெண்டையும் திலாப்பியாவும் முட்டைகளைத் தின்கின்றன. வேற்றிடத்து உயிரை நீர்நிலையில் விடுவது என்ன செய்யும் என்பதற்கு இதைவிட வேறு சான்று வேண்டாம். வளர்க்க முடியாமல் போனாலும் பொங்கோல் நீர்த்தேக்கத்தில் எந்த விலங்கையும் விடக்கூடாது. சிங்கப்பூரில் அது சட்டப்படி குற்றம், அந்த விலங்கும் வெப்பத்தில் வதைபட்டுச் சாகும்.

கடைசியாக, திருச்சிப் பயணம். அதற்கு முன் வாங்க வேண்டாம். வளர்ந்த ஆக்சலாட்டல் ஒரு வாரம் உணவின்றி இருந்துவிடும். ஆனால் நீங்கள் இல்லாத மூன்று வாரத்தில் சில்லர் நின்றுபோனால், மறுநாளே நீர் அறை வெப்பத்துக்கு ஏறிவிடும். தினமும் வந்து வெப்பமானியைப் பார்க்க ஒருவர் இல்லாமல் இனி எந்த விடுமுறைக்கும் நீங்கள் புறப்பட முடியாது என்பதையும் சேர்த்தே யோசித்து முடிவெடுங்கள்.

அனுமதியும் கிடைத்து, குடும்பமும் ஒப்புக்கொண்டால், ஜனவரியில் திரும்பியதும் விலங்கு இல்லாமலே தொட்டியைத் தொடங்குங்கள். கழிவிலிருந்து வரும் அமோனியாவை நைட்ரைட்டாகவும், அதைத் தீங்கு குறைந்த நைட்ரேட்டாகவும் மாற்றும் பாக்டீரியா வடிகட்டியில் குடியேற நான்கிலிருந்து ஆறு வாரம் ஆகும். குளிர்ந்த நீரில் இன்னும் தாமதமாகலாம். சில்லரை ஓடவிட்டு, துளி அமோனியா சேர்த்து, சோதனைத் திரவங்களால் ஒருநாள் விட்டு ஒருநாள் அளந்து, வெப்பநிலையோடு சேர்த்து மகன் ஒரு குறிப்பேட்டில் எழுதிவரட்டும். சேர்த்த அமோனியா ஒரே நாளில் மறைந்து, அமோனியாவும் நைட்ரைட்டும் பூச்சியத்தில் நிற்க, நைட்ரேட் மட்டும் தெரிந்து, வெப்பநிலை 18ஐத் தாண்டாமல் இரண்டு வாரம் தொடர்ந்தால், அந்தக் குறிப்பேட்டின் பக்கங்களைப் படமெடுத்து எனக்கு அனுப்புங்கள். எந்த வயதுக் குஞ்சை வாங்குவது, முதல் வாரத்தில் என்ன கொடுப்பது என்பதை அப்போது எழுதுகிறேன்.